கத்தலினாவின் கைகள்

இன்னும் விடியாத பாரிஸ். நகரத்தின் ஓரத்தில் ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பிலிருந்து இளம்பெண் ஒருத்தி கைக்குழந்தையோடு அவசரமாகக் கிளம்புகிறாள். குழந்தைகள் காப்பகத்தில் விட்டுவிட்டுத் திரும்பும்போது குழந்தை அழுகிறது. குனிந்து, விரல்களை ஆட்டி, ஸ்பானிஷில் ஒரு சின்னத் தாலாட்டு பாடுகிறாள். அழுகை நிற்கிறது. பிறகு பேருந்து, ரயில், மெட்ரோ, நடை. பணக்காரப் பகுதியில் ஒரு பெரிய வீடு. வீட்டுக்காரி முகத்தைக்கூடக் காட்டாமல், இன்று வர ஒரு மணி நேரம் தாமதமாகும், பரவாயில்லையா என்று உள்ளிருந்து குரல் கொடுக்கிறாள். அந்த வீட்டுக் குழந்தை அழத் தொடங்குகிறது. அதே தாலாட்டு, அதே விரல்கள். பாட்டின் நடுவே அவள் பார்வை மட்டும் ஜன்னல் பக்கம் போய்விடுகிறது.

அவ்வளவுதான் படம். 2006இல் வந்த 'பாரி, ஜ தெம்' என்ற தொகுப்பில் இருக்கும் 18 குறும்படங்களில் ஒன்று. எடுத்தவர்கள் பிரேசிலைச் சேர்ந்த வால்டர் சாலஸும் டேனியலா தாமஸும். ஓடுவது சுமார் ஐந்து நிமிடம். வசனம் என்று சொல்ல அதிகம் இல்லை. அந்தப் பெண்ணாக நடித்தவர் கொலம்பிய நடிகை கத்தலினா சாந்தினோ மொரேனோ. அவர் ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டு அப்போது ஒரு வருடம்தான் ஆகியிருந்தது.

கத்தலினா 1981இல் பொகோட்டாவில் பிறந்தவர். பள்ளி வயதிலேயே நாடகப் பயிற்சிக்குப் போனவர். கல்லூரியில் விளம்பரத் துறை படித்துக்கொண்டிருந்தபோது ஜோஷுவா மார்ஸ்டன் என்ற அமெரிக்க இயக்குநரின் முதல் படத்துக்கான நடிகர் தேர்வுக்குப் போனார். அதுவரை ஒரு படத்தில்கூட நடித்ததில்லை. 2004இல் வெளியான அந்தப் படத்தின் பெயர் 'அருள் நிறைந்த மரியா'. கத்தோலிக்க வீடுகளில் வளர்ந்தவர்களுக்கு அந்தப் பெயர் எந்த ஜெபத்திலிருந்து வருகிறது என்று சொல்லத் தேவையில்லை.

மரியாவுக்குப் பதினேழு வயது. பொகோட்டாவுக்குப் பக்கத்து ஊர் ஒன்றில் ரோஜாப் பண்ணையில் முள் நீக்கும் வேலை. சம்பளத்தில் மொத்தக் குடும்பமும் சாப்பிடுகிறது. கர்ப்பமாக இருக்கிறாள், குமட்டுகிறது. மேற்பார்வையாளர் கழிப்பறைக்கு விடுவதில்லை. பூக்கள் மேலேயே வாந்தி எடுக்கிறாள். அதையும் அவளே கழுவ வேண்டும். வேலையை உதறிவிட்டு வருகிறாள். அதற்குப் பிறகுதான் போதைப்பொருள் உருண்டைகளை விழுங்கி நியூயார்க்குக்குக் கொண்டுபோகும் வேலை அவளைத் தேடி வருகிறது.

ரோஜா சும்மா வந்து உட்கார்ந்த விவரம் இல்லை. வெட்டு மலர் ஏற்றுமதியில் நெதர்லாந்துக்கு அடுத்த இடம் கொலம்பியாவுக்கு. பொகோட்டாவைச் சுற்றியுள்ள மேட்டுச் சமவெளி முழுக்கப் பசுமைக்குடில்கள். வேலை செய்பவர்களில் பெரும்பான்மை பெண்கள். பிப்ரவரி 14க்கு முன்னால் விமானம் விமானமாக ரோஜா அமெரிக்காவுக்குப் போகும். அதே திசையில்தான் மரியாவும் போகிறாள்.

நான் ஓசூர்ப் பக்கம் வளர்ந்தவன். சித்தி ஐந்து வருஷம் பாலிஹவுஸ் வேலைக்குப் போனாள். காதலர் தினத்துக்கு முந்தின இரண்டு வாரம் எப்போது வீடு திரும்புவாள் என்று அவளுக்கே தெரியாது. இலையும் முள்ளும் உருவி, காம்பு நீளம் பார்த்துப் பிரித்து, இருபது இருபதாகக் கட்ட வேண்டும். ராத்திரி சோறு பிசைந்தால் குழம்புக் காரம் பட்டுக் கை எரியும் என்று கரண்டியால் சாப்பிடுவாள். இந்தப் படத்தை அவளோடு உட்கார்ந்துதான் பார்த்தேன். வசனம் எதுவும் அவளுக்குப் புரியவில்லை. பண்ணைக் காட்சி வந்ததும், "இந்தப் பொண்ணு நெசமாவே வேலை பாத்திருக்கா, கை பழகியிருக்கு பாரு" என்றாள். படப்பிடிப்புக்கு முன் கத்தலினாவை ஒரு பூப்பண்ணையில் வேலை பார்க்க வைத்திருந்தார் இயக்குநர் என்பதை நான் பிறகுதான் படித்தேன்.

மரியா விழுங்குவது 62 உருண்டைகள். அதற்கு முன் பெரிய திராட்சைகளை முழுசாக விழுங்கிப் பழகுகிறாள். விமானத்தில் வயிறு கலங்கி உருண்டைகள் வெளியே வந்துவிட, கழிப்பறையில் அவற்றைக் கழுவி, பற்பசை தடவி மறுபடி விழுங்குகிறாள். இந்தக் காட்சியில் பின்னணி இசை போட்டு நம்மை அழவைக்க எத்தனையோ வழி இருக்கிறது. கத்தலினா அதை ஒரு வேலையாக மட்டும் செய்கிறார். ரோஜாக் காம்பைப் பிடித்த அதே கவனம். முகத்தில் தியாகமும் இல்லை, சுயபச்சாதாபமும் இல்லை. இந்த உருண்டையை முடித்துவிட்டு அடுத்தது, அவ்வளவுதான்.

எனக்கு அதைவிடப் பிடித்த காட்சி ஆரம்பத்தில் வருகிறது. காதலனோடு இருக்கும்போது கூரைமேல் ஏறலாம் வா என்கிறாள் மரியா. அவன் வரமாட்டேன் என்கிறான். அவள் தனியாகவே சுவரைப் பிடித்து ஏறிவிடுகிறாள். ஏன் ஏறினாள் என்று படம் விளக்குவதில்லை. மேலே போகணும்னு தோணிச்சு, போனா. வறுமையால் வழிதவறிய பாவப்பட்ட பெண் என்ற வழக்கமான சட்டகத்துக்குள் இந்த மரியா அடங்காததற்குக் காரணம் அந்த ஆசைதான்.

படத்தின் பயணமும் நேராக இல்லை. பாதுகாப்பு காரணமாகக் கொலம்பியக் காட்சிகள் ஈக்வடாரில் எடுக்கப்பட்டன. கொலம்பியா தன் சார்பில் ஆஸ்கருக்கு அனுப்பியபோது, இதில் கொலம்பியப் பங்கு போதாது என்று அகாடமி நிராகரித்தது. நியூயார்க்கில் மரியாவுக்கு உதவும் தோன் ஃபெர்னாண்டோவாக நடித்தவர் ஒர்லாண்டோ தோபோன். குயின்ஸின் ஜாக்சன் ஹைட்ஸில் பயண முகவராக இருந்தவர். வயிற்றில் உருண்டை உடைந்து இறந்துபோனவர்களின் உடல்களை, பணம் திரட்டி ஊருக்கு அனுப்பிவைப்பதை நிஜத்திலும் செய்தவர்.

கத்தலினாவுக்கு பெர்லினில் சிறந்த நடிகைக்கான வெள்ளிக் கரடி கிடைத்தது. 'மான்ஸ்டர்' படத்துக்காக சார்லீஸ் தெரோனும் அதைப் பகிர்ந்துகொண்டார். 2005 ஆஸ்கரில் கேட் வின்ஸ்லெட், இமெல்டா ஸ்டான்டன், அனெட் பெனிங், ஹிலாரி ஸ்வாங்க் என்ற வரிசையில் ஐந்தாவது பெயர் இவருடையது. நடிப்புக்காக அந்தப் பட்டியலில் இடம்பெற்ற முதல் கொலம்பியர். விருது ஸ்வாங்குக்குப் போனது. சரி, அது போகட்டும். என் கேள்வி அதற்கு அடுத்த வருஷங்களைப் பற்றியது.

2007இல் மார்க்கேஸின் 'காலரா காலத்தில் காதல்' படமானது. கதை நடப்பது கொலம்பியாவின் கரீபியக் கரையில். படப்பிடிப்பு கார்த்தஹேனாவில். பாட்டுக்கு ஷகிரா. ஃப்ளோரென்டினோவாக ஸ்பெயினின் ஹாவியர் பார்தெம். ஃபெர்மினா தாஸாவாக இத்தாலியின் ஜொவான்னா மெட்சொஜோர்னோ. எல்லோரும் பேசுவது ஆங்கிலம். ஆஸ்கர் பட்டியல் வரை போன கொலம்பிய நடிகைக்குக் கிடைத்தது ஃபெர்மினாவின் ஒன்றுவிட்ட சகோதரி இல்டெப்ராண்டா. லத்தீன் அமெரிக்காவின் மிகப் புகழ்பெற்ற காதலியாக நடிக்க அவர் பெயர் ஏன் தோன்றவில்லை?

அவருக்குக் கிடைத்த மற்ற வேடங்களைப் பாருங்கள். பாரிஸில் அடுத்தவர் குழந்தையைத் தூக்குபவர். ரிச்சர்ட் லிங்க்லேட்டரின் 'ஃபாஸ்ட் ஃபுட் நேஷன்' படத்தில் எல்லை தாண்டி அமெரிக்கா வரும் மெக்சிகோப் பெண் சில்வியா. இறைச்சி ஆலை வேண்டாம் என்று ஓட்டல் அறைகளைச் சுத்தம் செய்யப் போனவள், ஆலையில் கணவன் அடிபட்ட பிறகு, மேற்பார்வையாளனுக்குத் தன் உடலைக் கொடுத்து அதே ஆலையில் வேலை வாங்குகிறாள். கடைசியில் மாடு அறுக்கும் தளத்தில் நின்று கண்ணீரோடு உள்ளுறுப்புகளைப் பிரிக்கிறாள். மரியா, ஆனா, சில்வியா என்று பெயர்தான் மாறுகிறது. கடத்தல்காரி வேடங்கள் நிறைய வந்தன, மறுத்தேன் என்று பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். அவற்றை மறுத்தாலும் மிஞ்சியவை பெரும்பாலும் ஏதாவது ஒன்றைச் சுமக்கும் பெண்கள். தெற்கிலிருந்து வரும் பெண் சுமக்கலாம், கஷ்டப்படலாம், அழலாம். ஆசைப்படுவதற்கு மட்டும் வேறு தேசத்து முகம் வேண்டியிருக்கிறது.

ஆனால் அவரை வெறும் பாதிக்கப்பட்டவராக எழுதிவிட்டால் நானும் அதே வேடத்தைத்தான் அவருக்குக் கொடுக்கிறேன். கிடைத்த வேடங்களில் அவர் செய்தது சின்ன விஷயம் இல்லை. திரையில் உழைப்பு என்றால் வியர்வையும் பெருமூச்சும்தான் என்று பழகிப்போன நமக்கு, வேலை செய்யும் ஒருத்தி யோசித்துக்கொண்டும் இருப்பாள் என்று காட்டினார். ஜன்னல் பக்கம் போகும் அந்தப் பார்வை அதுதான்.

ஊருக்கும் திரும்பிப் போனார். 1948 ஏப்ரல் 9 அன்று அரசியல் தலைவர் கைத்தான் பொகோட்டாவில் சுட்டுக்கொல்லப்பட்டு நகரமே எரிந்தது. கொலையாளி என்று கூட்டம் அடித்தே கொன்ற ஹுவான் ரோவாவைப் பற்றிய 'ரோவா' படம் 2013இல் வந்தது. அதில் ரோவாவின் மனைவி இவர். இயக்கிய ஆந்த்ரேஸ் பைஸ், நாமெல்லாம் கொலம்பியா என்றால் உடனே சொல்லும் 'நார்கோஸ்' தொடரிலும் பல பகுதிகளை இயக்கியவர்.

இப்போது நண்பர்கள் அவரை 'ஃப்ரம்' திகில் தொடரில் பார்க்கிறார்கள். வெளியேற வழியில்லாத ஊரில் மாட்டிக்கொண்ட தாய் டபிதா மேத்யூஸ். வீட்டுக்கு அடியில் தானே குழி தோண்ட ஆரம்பிக்கிறாள். "யாருடா இந்த அம்மா, செம" என்று ஒருத்தன் செய்தி அனுப்பினான். மரியாவைப் பார் என்று பதில் போட்டேன்.

அவன் இன்னும் பார்க்கவில்லை. பார்த்தால் கடைசிக் காட்சிக்கு வருவான். கென்னடி விமான நிலையம். ஊர் திரும்பும் விமானத்துக்குத் தோழி பிளாங்கா நடக்கிறாள். மரியாவும் கூட வந்து, நின்று, திரும்பிவிடுகிறாள். கையில் பெரிய பை எதுவும் இல்லை. யாரும் அவளைக் கட்டாயப்படுத்தவும் இல்லை. அந்தக் கூரைமேல் ஏறிய அதே பெண், கேமராவைத் தாண்டி நேராக நடந்து போகிறாள்.