பூதலூரிலிருந்து சித்தி கோயிலுக்கு

பூதலூர் வழியாகப் பாயும் கல்லணைக் கால்வாய்க்கு வயது 90-ஐத் தாண்டிவிட்டது. மேட்டூர் அணையோடு சேர்ந்து 1934-இல் வந்த வாய்க்கால் அது. காவிரியும் வெண்ணாறும் அதற்கு எத்தனையோ தலைமுறை மூத்தவை. அதனாலோ என்னவோ, இந்தப் பக்கத்தில் இன்னமும் அதற்கு ‘புது ஆறு’ என்றுதான் பெயர்.

தாயை இழந்த பிள்ளைகள் இருக்கும் வீட்டுக்கு வரும் பெண்ணின் கதையும் கிட்டத்தட்ட இதுதான். பத்து வருஷம் சோறு போட்டாலும் தெருவுக்கு அவர் ‘புதுசா வந்தவங்க’. ‘மாற்றாந்தாய்’ என்ற சொல்லிலேயே ஒரு கசப்பு ஏறிக் கிடக்கிறது. அப்படிப்பட்ட ஒரு குடும்பம் ஞாயிற்றுக்கிழமை கிளம்பிப் போய்வரத் தோதாக, ஒரே ரயில் பாதையில் ஒரு கோயில் இருக்கிறது.

பூதலூரிலிருந்து தஞ்சாவூர் சுமார் 20 கி.மீ. அங்கிருந்து கும்பகோணம் பாதையில் தாராசுரம். இறங்கி ஆட்டோ பிடித்தால் பட்டீஸ்வரம் பக்கம்தான். கூட்டமெல்லாம் துர்க்கையம்மனைப் பார்க்கப் போகும். அருகில் உள்ள ராமநாதன் கோயிலுக்கு வருபவர்கள் குறைவு. சோழர் காலத்துக் கற்றளி. பழைய பெயர் பஞ்சவன் மாதேவீச்சரம்.

பழுவூரைச் சேர்ந்த பஞ்சவன் மாதேவி, ராஜராஜனின் தேவியரில் ஒருவர். ராஜேந்திரனைப் பெற்றவர் வானவன் மாதேவி. பஞ்சவன் மாதேவி அவனுக்குச் சிற்றன்னை. அவர் மறைந்த பிறகு அவருக்காக ராஜேந்திரன் எழுப்பிய பள்ளிப்படை இது. பள்ளிப்படை என்றால் இறந்தவர் நினைவாகக் கட்டும் சிவன் கோயில். பெரும்பாலும் அரசர்களுக்கே கட்டுவார்கள். ராஜராஜனே தன் பாட்டன் அரிஞ்சயனுக்கு மேல்பாடியில் ஒன்று கட்டினான். மகனோ சித்திக்குக் கட்டினான். ஊர் வாய்க்குப் பயந்து கட்ட வேண்டிய நிலையில் அவன் இல்லை. அவன் அப்போது பேரரசன்.

கோயிலின் பெயரையும் கவனிக்க வேண்டும். ‘அரசனின் அன்னை கோயில்’ என்று வைக்கவில்லை. அவருடைய சொந்தப் பெயரையே வைத்திருக்கிறார்கள். ‘இனிமே அம்மான்னுதான் கூப்பிடணும்’ என்று முதல் நாளே பிள்ளைகளை நெருக்கும் பெரியவர்கள் இங்கே கொஞ்சம் நின்று யோசிக்கலாம். சித்தி என்று கூப்பிட்டால் பாசம் குறைந்துவிடாது. பெற்றவளின் படம் கூடத்துச் சுவரிலேயே இருக்கட்டுமே.

பாலகுமாரனின் ‘உடையார்’ படித்தவர்களுக்குப் பஞ்சவன் மாதேவி புதியவர் இல்லை. அவரைப் பற்றி ஒரு கதையும் உலவுகிறது: ராஜேந்திரனுக்குப் போட்டி வரக்கூடாதென்று மூலிகை குடித்துத் தன் வயிற்றில் பிள்ளை தங்காமல் செய்துகொண்டாராம். கேட்பவர்கள் உருகிப்போகிறார்கள். ஆனால் அது செவிவழிக் கதைதான். அதைப் பெருமையாகச் சொல்லும்போது, எதிரே கைக்குழந்தையோடு ஒரு சித்தி உட்கார்ந்திருந்தால் அவர் மனம் என்ன பாடுபடும்? தனக்கென்று ஒரு பிள்ளை பெற்றதாலேயே மூத்தவனை அவர் நேசிக்கவில்லை என்றாகிவிடுமா? இந்தக் கதையைக் கோயில் வாசலிலேயே விட்டுவிட்டு வரலாம்.

திரும்பும்போது தஞ்சையில் இறங்க நேரமிருந்தால் பெரிய கோயிலுக்கும் போகலாம். செப்புத் திருமேனிகள் செய்து கொடுத்த அரசியர் வரிசையில் பஞ்சவன் மாதேவியின் பெயரும் கல்லில் இருக்கிறது. எழுத்துக் கூட்டிப் படிப்பது கஷ்டம்தான். சிறுசுகள் விரலால் தடவப் பார்ப்பார்கள், தொடவிடாமல் காட்ட வேண்டும். அப்புறம் அடுத்த ரயில். புது ஆற்றங்கரைக்கு இருட்டுவதற்குள் போய்விடலாம்.