சாட்சிக்கு ஒரு சீடி

மாத்தளை நகரில் டிவியும் கைப்பேசியும் திருத்தும் கடைகளுக்கு இன்னமும் அவ்வப்போது ஒரு பிளேஸ்டேஷன் 2 வந்து சேர்கிறது. சோனி அதன் உற்பத்தியை 2013 தொடக்கத்திலேயே நிறுத்திவிட்டது. ஆனால் உலகம் முழுக்க 15 கோடிக்கு மேல் விற்ற பெட்டி அது. கண்ணை மூடும் அவசரம் எதையும் அது காட்டவில்லை. கொண்டு வருகிறவர் சொல்லும் முறைப்பாடும் ஏறக்குறைய ஒரே வாசகம்தான்: "கேம் நடுவில ஹேங் ஆகுது அண்ணே, சீடி கீறுப்பட்டுட்டு போல." முறைப்பாட்டுக்குள்ளேயே தீர்ப்பும் வந்துவிடுகிறது. கீறல் விழுந்த சீடியை எப்படிச் சரிசெய்கிறார்கள் என்று பார்க்கத்தான் நானும் போனேன். மேசையருகே கொஞ்ச நேரம் நின்றதில் கேள்வியே மாறிவிட்டது. சீடியைத் தேய்ப்பது இந்தத் தொழிலின் ஓரத்து வேலை. சீடியா, லென்ஸா, சூடா, கேமா என்று குற்றவாளியைப் பிரித்தெடுப்பதுதான் தொழில். அந்த வேலைக்குத்தான் யாரும் காசு கொடுப்பதில்லை. இந்த இரண்டாவது செய்தி முதலாவதைக் கெடுத்துக்கொண்டிருக்கிறது என்பதே என் வாதம்.

முதலில், கேம் ஏன் நின்றுபோகிறது? பாட்டு சீடியில் கீறல் விழுந்தால் பாட்டு ஒரு துள்ளுத் துள்ளிவிட்டுத் தொடரும். படத்தில் என்றால் கதாநாயகனின் முகம் சதுரம் சதுரமாகச் சிதறி மறுபடி கூடும். 1982இல் சோனியும் பிலிப்ஸும் பாட்டு சீடியைச் சந்தைக்குக் கொண்டுவந்தபோதே, கீறல் விழத்தான் செய்யும் என்று கணக்குப் போட்டுத்தான் செய்தார்கள். ரீட், சாலமன் என்ற இரண்டு கணித அறிஞர்கள் 1960இல் எழுதிய பிழைதிருத்த முறை அதற்குள் இருக்கிறது. தடத்தின் வழியே ஏறக்குறைய இரண்டரை மில்லிமீற்றர் நீளத்துக்குத் தரவு காணாமற் போனாலும் மற்றதை வைத்துப் போனதை முழுதாக மீட்டுவிடும். அதற்கும் மேலே போனால், பாட்டென்றால் முன்னும் பின்னும் பார்த்து ஊகித்து நிரப்பிவிடலாம், காதுக்குத் தெரியாது. கேம் என்பது கட்டளைகளின் வரிசை. அதில் ஓர் எண்ணை ஊகித்துப் போட்டால் எல்லாம் பிழையாகிவிடும். ஆகவே பெட்டி ஊகிப்பதில்லை. திரும்பப் போய் அதே இடத்தை மறுபடி வாசிக்கிறது, மறுபடியும் வாசிக்கிறது. அது முடியும்வரை கேம் நிற்கிறது. ஹேங் என்று நாம் சொல்வது பெரும்பாலும் இந்தக் காத்திருப்பைத்தான்.

அடிப்பக்கக் கீறலைப் பற்றிய நம் பயமும் கொஞ்சம் இடம் மாறிய பயம். சீடியின் தடிப்பு 1.2 மில்லிமீற்றர். லேசர் ஒளி அடிப்பரப்பில் நுழையும்போது முக்கால் மில்லிமீற்றர் அகலத்துக்கு விரிந்திருக்கும். உள்ளே போய்த்தான் ஊசிமுனையிலும் சிறியதாகக் குவியும். அதனால் பரப்பில் இருக்கும் ஒரு தூசியோ மெல்லிய கீறலோ, மூக்குக் கண்ணாடியில் ஒட்டிய தூசி போல, பார்வையை மங்க வைக்குமே தவிர மறைக்காது. நடுவிலிருந்து விளிம்புக்கு ஓடும் கீறல் அத்தனை தடங்களையும் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் தொடும். பிழைதிருத்தம் அதைத் தாங்கும். வட்டமாக, தடத்தோடு சேர்ந்து ஓடும் கீறல்தான் எமன். சீடியைச் சுற்றிச் சுற்றித் துடைக்காதே, நடுவிலிருந்து வெளியே துடை என்பது அதனால்தான். உண்மையில் சீடிக்கு ஆபத்தான பக்கம் படம் அச்சடித்த மேல்பக்கம். தரவு அந்தப் பக்கத்தில், மெல்லிய பூச்சு ஒன்றுக்கு நேர் கீழே இருக்கிறது. அங்கே பேனாவால் பலமாக எழுதினால் முடிந்தது கதை. டிவிடியில் தரவு நடுவில், இரண்டு தட்டுகளுக்கு இடையே. புளூ-ரேயில் அது அடிப்பரப்புக்கு 0.1 மில்லிமீற்றர் உள்ளேதான். தேய்த்துச் சரிசெய்ய அங்கே இடமே இல்லை.

இனி மேசைக்கு வருவோம். மேல்மூடி கழற்றிய பெட்டியில் லென்ஸ் தெரிகிறது. துவரம்பருப்பை விடப் பெரிதில்லை. கரண்ட் கொடுத்ததும் அது தவளையின் தொண்டை போல மேலே எழும்பிக் கீழே இறங்குகிறது. ஒளி எந்த உயரத்தில் குவிகிறது என்று தேடுகிறதாம். நேராக அதற்குள் பார்க்கக்கூடாது. பக்கவாட்டில் நின்றுதான் பார்க்க வேண்டும். திருத்துகிறவர் திருப்புளியைத் தொடுவதற்கு முன்னே கேட்பது வேறு: "எந்த இடத்தில நிக்குது தம்பி? எப்பவும் அதே இடமா?" ஒவ்வொரு தடவையும் ஒரே கட்டத்தில், ஒரே கதவைத் திறக்கும்போது நின்றால் சந்தேகம் சீடி மீது. சில வேளை, மெமரி கார்டில் சேமித்த கோப்பு பழுதாகியிருந்தாலும் இதே போலத்தான் நிற்கும். நிற்கும் இடம் மாறிக்கொண்டே இருந்தால் லென்ஸோ மோட்டாரோ. அரை மணித்தியாலம் நன்றாக ஓடிவிட்டுப் பிறகு தொடங்கினால் சூடு. அடிப்பக்கம் நீலமாக இருக்கும் சீடிகள் ஓடி, வெள்ளி டிவிடிகள் மட்டும் ஓடாவிட்டால் அந்த டிவிடிகளுக்கு உடனே விடுதலை. இரண்டு வகைக்கும் அந்தப் பெட்டி வெவ்வேறு அலைநீள லேசரைப் பயன்படுத்துகிறது, ஒன்று தளர்ந்துவிட்டது என்று பொருள். 2008இல் நின்டென்டோவின் வீ பெட்டியில் 'சூப்பர் ஸ்மாஷ் புரோஸ். புரோல்' வந்தபோது புத்தம்புதிய சீடியே வாசிக்கப்படாமல் பலர் திகைத்தார்கள். அது இரட்டை அடுக்குச் சீடி. லென்ஸில் படிந்திருந்த கொஞ்ச அழுக்கு மற்றக் கேம்களுக்குப் பொறுத்தது, இதற்குப் பொறுக்கவில்லை. நின்டென்டோ லென்ஸைத் துப்புரவாக்கித் தர முன்வந்தது. சீடியில் ஒரு கீறலும் இல்லை.

இந்தக் கேள்விகளுக்குப் பிறகு லாச்சி திறக்கிறது. உள்ளே உறையோடு ஒரு சீடி. ஒறிஜினல், கீறல் படாதது, எந்த வாடிக்கையாளர் கையிலும் கொடுக்கப்படாதது. அதைப் போட்டு ஓட்டுகிறார். அதுவும் நின்றால் வந்த சீடி நிரபராதி. அது ஓடி, வந்தது நின்றால் பெட்டி நிரபராதி. ஐந்து நிமிடம், செலவு ஒன்றுமில்லை. மல்ட்டிமீட்டரை வைத்து ஏதேதோ அளக்கும் கட்டமும் அதன் பின்னே வருகிறது, அது எனக்குப் பிடிபடவில்லை, விட்டுவிடுகிறேன். என் கண் அந்தச் சீடியிலேயே நின்றது. பழைய ஏடுகளைப் பதிப்பித்தவர்களும் இப்படித்தான், ஒரு சுவடியின் பிழையை இன்னொரு சுவடியை அருகில் வைத்துத்தான் கண்டார்கள். மாத்தளையிலிருந்து மூன்று கிலோமீற்றர் வடக்கே அலுவிகாரையில் இன்றைக்கும் ஓலையில் எழுத்தாணியால் எழுதி, கரித்தூளும் எண்ணெயும் தேய்த்துக் காட்டுகிறார்கள். அங்கே கீறல்தான் எழுத்து. கி.மு. முதலாம் நூற்றாண்டில் பௌத்த மறைநூலான திரிபிடகம் எழுதப்பட்ட இடம் அது. பிரித்தானியருக்கு எதிரான 1848 கிளர்ச்சியின்போது அங்கிருந்த ஏடுகள் அழிந்தன. நூல் அழியவில்லை, வேறிடங்களில் படிகள் இருந்தன.

படி என்றதும் ஓர் ஆட்சேபம் எழும். இங்கே ஓடுகிற கேம்களில் பெரும்பகுதி திருட்டுப் படிகள்தானே, அதற்கு இத்தனை கரிசனை எதற்கு? இலங்கையின் 2003ஆம் ஆண்டு 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் கணினி நிரல்களையும் காக்கிறது என்பது உண்மை. நான் அதை நியாயப்படுத்தவில்லை. ஆனால் அந்த உண்மை என் வாதத்துக்குத்தான் உரம். தொழிற்சாலையில் அச்சிட்ட சீடியில் தரவு அலுமினியப் படலத்தில் குழிகளாக இருக்கும். வீட்டில் எரித்த சீடியில் அது ஒரு சாயத்தில் சுட்ட அடையாளம் மட்டுமே. ஒளி பொதுவாகக் குறைவாகத் திரும்பும். வெயிலில் வைத்தால் சாயம் தளரும். மிக மலிந்த வெற்றுச் சீடியில் மிக வேகமாக எரித்தால் கேட்கவே வேண்டாம். வாங்கிய பிள்ளை, விற்ற கடையில் போட்டுப் பார்த்தபோது ஓடியதே என்று சொல்லித் தன் பெட்டியைக் குறை சொல்கிறது. பெட்டி திருத்துபவரிடம் வருகிறது. லென்ஸுக்குப் பக்கத்தில் ஒரு கடுகளவு திருகு இருக்கிறது. லேசருக்குப் போகும் மின்சாரத்தைக் கூட்டிக் குறைப்பது. அதை இம்மியளவு திருப்பினால் மங்கிய படியும் ஓடத் தொடங்கும். பிள்ளைக்குச் சந்தோஷம். கூட்டிய மின்சாரத்தில் லேசர் சில மாதங்களில் சோர்ந்துபோகும். பிறகு புது லென்ஸ் வாங்க வேண்டும்.

புது லென்ஸ் என்பதிலும் ஒரு கதை. கொழும்பில் இறங்கி, கண்டி வழியே கைமாறி மாத்தளைக்கு வரும்போது ஒவ்வொரு கையும் தன் பங்கை ஏற்றிவிடுகிறது. 2022 மார்ச் தொடக்கத்தில் டொலருக்கு ஏறக்குறைய 200 ரூபாயாக இருந்தது மே மாதத்துக்குள் 360ஐத் தாண்டியபோது அந்தச் சுமை முழுவதும் கடைசிக் கையில்தான் விழுந்தது. போதாததற்கு, பழைய பெட்டிகளிலிருந்து கழற்றித் துடைத்துப் புதிது போலப் பொதி செய்யப்பட்ட லென்ஸ்களும் உலகச் சந்தையில் தாராளம். உறையைப் பார்த்து யாராலும் சொல்ல முடியாது. எரித்து விற்றவன் லாபத்தோடு போய்விட்டான், லென்ஸ் விற்றவனும் போய்விட்டான். கோபத்தோடு திரும்பி வரும் வாடிக்கையாளரின் முகத்தைப் பார்க்க வேண்டியவர் மேசைக்குப் பின்னால் இருக்கிறவர் மட்டும்தான்.  கை மாற்றி விடுகிறவன் பொருளுக்குப் பொறுப்பும் ஏற்க வேண்டும். இந்தச் சந்தையில் பொறுப்பை ஏற்பவர் ஒருவரே, அவருக்குத்தான் மிகக் குறைந்த பங்கு.

தேய்த்தால் சரியாகிவிடுகிறதே, பற்பசை போட்டே எத்தனையோ பேர் ஓட்டியிருக்கிறார்களே என்று கேட்கலாம். உண்மைதான். மேலோட்டமான கீறலைப் பற்பசையின் மெல்லிய துகள்கள் தேய்த்து மழுக்கும். ஆனால் எத்தனை தடவை சீடியைத் துடைத்ததால் ஓடியது, எத்தனை தடவை அந்த இடைவெளியில் பெட்டி ஆறியதால் ஓடியது என்று யார் பிரித்துப் பார்த்தார்கள்? இந்த மாவட்டத்தில் இது சும்மா கேட்கும் கேள்வியில்லை. தம்புள்ளைப் பக்கம் உலர் வலயம். புழுதி லென்ஸில் படியும். நக்கிள்ஸ் மலையோரம், இரத்தோட்டைக்கு மேலே, தோட்ட லயன்களில் மழையும் மூடுபனியும். அங்கே ஈரம்தான் எதிரி. சீடியின் படலத்தையே தின்னும் பூஞ்சணத்தை பெலிஸ் நாட்டுச் சீடி ஒன்றில் கண்டு ஸ்பானிய ஆய்வாளர்கள் 2001இல் எழுதினார்கள். வெப்பமும் ஈரமும் சேர்ந்த நாடு அது. விளிம்பிலிருந்து கிளைவிட்டு உள்ளே போகும் அப்படிப்பட்ட அரிப்பைப் பற்பசை ஒன்றும் செய்யாது. தேய்க்கும் கைக்கு அது தெரியாது. ஒப்பிட்டுப் பார்க்கும் கண்ணுக்குத்தான் தெரியும்.

சீடியே போகப்போகிறதே என்பது கடைசி ஆட்சேபம். 2024 நவம்பரில் வந்த பிளேஸ்டேஷன் 5 புரோவில் சீடி போடும் இடமே கிடையாது. வேண்டுமானால் தனியாக வாங்கிப் பொருத்த வேண்டும். சில புதிய கேம்களை இறக்க 100 ஜிபிக்கு மேலும் தேவைப்படுகிறது. டேட்டா கார்ட்டுக்குக் காசு போட்டு மாதம் ஓட்டும் வீட்டில் அது நடக்கிற காரியமா? மேலும், இறக்கிய கேமை அடுத்த லயனில் இருக்கும் மச்சானுக்கு ஒரு வாரம் கொடுத்து வைக்க முடியாது, அலுத்துப்போனால் விற்கவும் முடியாது. சீடி கைமாறும். கைமாறுவதால்தான் கீறுகிறது, திருத்த வருகிறது. சீடியின் காலம் முடிந்தாலும் இந்த மேசையில் இருக்கும் அறிவு அதோடு முடிவதில்லை. கைப்பேசி சார்ஜ் ஏறவில்லை என்று வருகிறவரிடமும் அதே கேள்விதான் முதலில் கேட்கப்படுகிறது: வேறு சார்ஜர் போட்டுப் பார்த்தீர்களா?

ஆகவே கூலி இடம் மாற வேண்டும் என்கிறேன். லென்ஸ் மாற்றினால் காசு கேட்கலாம், வாடிக்கையாளரும் கொடுப்பார். பழைய லென்ஸைக் கையில் கொடுத்தால் நம்புவார். "உங்கட பெட்டியில ஒண்டும் இல்லை, சீடிதான் பிழை" என்று ஐந்து நிமிடத்தில் சொல்லி அனுப்பினால் ஒரு நன்றியோடு முடிந்துவிடும். நேர்மையாகப் பார்த்துச் சொல்கிறவருக்கு வெறுங்கை, தேவையில்லாமல் மாற்றுகிறவருக்கு வருமானம் என்று ஒரு தொழிலை வைத்துவிட்டு அதில் ஏமாற்று இருக்கிறது என்று குறை சொல்வது நியாயமில்லை. பார்ப்பதற்கென்று ஒரு சிறு தொகை, திருத்தினாலும் திருத்தாவிட்டாலும் கொடுக்கப்படுவது, வைத்தியரிடம் கொடுப்பதைப் போல. காசு வாங்கிக்கொண்டு பார்க்காமலே பார்த்தேன் என்று சொல்ல மாட்டார்களா? சொல்லலாம். அதற்குத்தான் லாச்சியில் இருக்கும் சீடி வாடிக்கையாளரின் கண் முன்னாலேயே ஓட வேண்டும்.

அந்த லாச்சியில் உண்மையில் இரண்டு சீடிகள் இருக்கின்றன. ஒன்று நீல அடி, ஒன்று வெள்ளி. வெள்ளி டிவிடியின் வெளி விளிம்பில், வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தால், நகம் அளவுக்கு ஒரு மங்கல் தொடங்கியிருக்கிறது. இன்னும் அது ஓடுகிறது. பழைய பெட்டியை விற்க வருகிறவர்களிடம் திருத்துகிறவர் முதலில் கேட்பது, வீட்டில் ஒறிஜினல் ஏதும் கிடக்கிறதா என்றுதான்.