ஆறு மாதம் நெல்லுக்கு, ஆறு மாதம் கரைக்கு!

பிலிப்பைன்ஸுக்கும் நம்மூர் வயலுக்கும் ஒரு பழைய உறவு உண்டு. 1966-ல் ‘ஐ.ஆர்.8’ நெல்லை வெளியிட்ட சர்வதேச நெல் ஆராய்ச்சி நிலையம், மணிலாவுக்குத் தெற்கே லாஸ் பான்யோஸ் என்ற ஊரில்தான் இருக்கிறது. கும்பகோணத்தில் பிறந்த எம்.எஸ்.சுவாமிநாதன், 1982 முதல் 1988 வரை அதன் தலைமை இயக்குநராக இருந்தார். சீக்கிரம் விளைந்து, ஒரே வருடத்தில் இரண்டாம் போகத்துக்கும் இடம் கொடுக்கும் குட்டை நெல் அங்கிருந்துதான் நம் ஊர்களுக்கு வந்தது.

அதே நாட்டின் வடக்கு மலையில் இதற்கு நேர் எதிரான ஒரு நெல் இருக்கிறது. பெயர் ‘தினவோன்’. அங்கே வாழும் இஃபுகாவ் மக்களின் மொழியில் ‘தவோன்’ என்றால் வருடம். தினவோன் என்றால் வருடத்துக்கு ஒரு முறை விளைவது. டிசம்பர் வாக்கில் நாற்று விட்டால் ஜூன், ஜூலையில்தான் அறுவடை. இந்த ஒரு போகத்துக்காக மலையையே படிப்படியாக வெட்டி, கல்லால் கரை கட்டி வைத்திருக்கிறார்கள். அந்தப் படிகளில் நடந்து, அந்த ஊரிலேயே ஓர் இரவு தங்கி வரலாம் என்று நானும் கணவரும் கிளம்பினோம்.

வண்டி போகாத ஊர்

மணிலாவில் இருந்து பனாவே என்ற மலை நகரத்துக்கு சுமார் 350 கிலோமீட்டர். இரவு பஸ்ஸில் ஏறினால் ஒன்பது, பத்து மணி நேரம். பஸ்ஸுக்குள் ஏ.சி. எலும்பு வரை குளிரும். கம்பளியைப் பெட்டிக்குள் வைத்துவிடாதீர்கள். காலையில் பனாவேயில் இறங்கி, அங்கிருந்து ஜீப்னியில் மலைப்பாதையில் போகவேண்டும். ஜீப்னி என்பது நம்மூர் ஷேர் ஆட்டோவுக்கும் மினி பஸ்ஸுக்கும் நடுவில் உள்ள ஒரு வண்டி. சாலை முடிகிற இடத்தில் இறங்கி, மிச்சத்தை நடக்கவேண்டும். பதாத் கிராமத்துக்குள் எந்த வண்டியும் போகாது. அரிசி மூட்டை, கேஸ் சிலிண்டர், வீடு கட்ட சிமென்ட் எல்லாமே மனிதத் தோளில்தான் உள்ளே போகின்றன. நாங்கள் கைவீசி இறங்கிய பாதையில், ஒருவர் முதுகில் தகரத் தகடுகளைச் சுமந்துகொண்டு எங்களை முந்திப் போனார்.

எங்கள் கைடு அந்த ஊர்க்காரர். 25 வயது இருக்கலாம். என்னை ‘ஆத்தே’ என்று கூப்பிட்டார். முதலில் திடுக்கிட்டேன். அவர்கள் நாட்டில் ‘ஆத்தே’ என்றால் அக்காவாம். என் கணவர் ‘கூயா’, அதாவது அண்ணன். அதன் பிறகு நடை கொஞ்சம் எளிதானது.

ஒரு வளைவு திரும்பியதும் பதாத் முழுசாகத் தெரிந்தது. ஒரு பெரிய கிண்ணத்தைப் பாதியாக உடைத்து நிறுத்தியது போல மலை வளைந்திருக்கிறது. அதன் உள்பக்கம் முழுக்க அடிமுதல் உச்சிவரை வயல். அடியில், கையால் மூடிவிடலாம் போல ஒரு சின்ன ஊர்.

வரப்பில் நடக்கும் சட்டம்

நடக்கத் தொடங்கும் முன் கைடு இரண்டு விதிகள் சொன்னார். வரப்பு ஓரடி அகலம்தான். ஒரு பக்கம் தண்ணீர் நிற்கும் வயல், மறுபக்கம் ஆள் உயரத்துக்கும் அதிகமான கல் சுவர். “தடுமாறினால் வயல் பக்கம் சாயுங்கள், ஆத்தே. சேற்றில் விழுந்தால் துணிதான் போகும்” என்பது முதல் விதி. புதிதாகச் சேறு பூசிய விளிம்பில் கால் வைக்கக் கூடாது என்பது இரண்டாவது. முதல் விதி நமக்காக, இரண்டாவது வயலுக்காக.

ஒரு படியிலிருந்து மேல்படிக்கு ஏற ஏணி கிடையாது. கரையைக் கட்டும்போதே சில நீளக் கற்களைச் சுவரிலிருந்து வெளியே நீட்டி விட்டிருக்கிறார்கள். அதுதான் படி. மூட்டு வலிக்காரர்கள் யோசித்துக்கொள்ள வேண்டிய இடம் இது. நாங்கள் சில இடங்களில் கைகளையும் ஊன்றித்தான் ஏறினோம்.

இவ்வளவு உயரத்தில் தண்ணீர் எப்படி நிற்கிறது? கைடு மேலே கை காட்டினார். வயல்களுக்கு மேலே காடு. அதற்கு ‘முயோங்’ என்று பெயர். அரசாங்கக் காடு இல்லை. ஒவ்வொரு குடும்பமும் வழிவழியாகப் பார்த்துக்கொள்ளும் சொந்தத் தோப்பு. விறகும் வீட்டுக்கு மரமும் அதிலிருந்துதான். மழையைப் பிடித்து ஊற்றாக விடுவதும் அதுதான். அந்தத் தண்ணீர் மேல் வயலில் நிறைந்து, மடை வழியாக அடுத்த வயலுக்கு இறங்கி, இப்படியே கடைசிப் படி வரை வருகிறது. காட்டை வெட்டினால் கீழே எல்லோருடைய வயலும் காயும்.

காய்ந்தால் அந்த வருட நெல்லோடு போகாது. சேறு வெடிக்கும், மண்புழுக்கள் துளை போடும், அடுத்த மழையில் தண்ணீர் அந்த ஓட்டை வழியே புகுந்து கரையைத் தள்ளும். அதனால் அறுவடை முடிந்த பிறகும் வயலில் தண்ணீர் நிறுத்துகிறார்கள். போதாக்குறைக்கு, 1980-களில் உணவுக்காகத் தென் அமெரிக்காவிலிருந்து பிலிப்பைன்ஸுக்குக் கொண்டுவரப்பட்ட தங்க நத்தை, இளம் நாற்றைத் தின்கிறது. ஒரு வயலில் பாட்டி ஒருவர் குனிந்து குனிந்து நத்தை பொறுக்கி வாளியில் போட்டுக்கொண்டிருந்தார்.

எத்தனை வருடப் பழசு?

இந்தப் படிகள் 2,000 ஆண்டுப் பழமையானவை என்று பல காலமாகச் சொல்லி வருகிறார்கள். ஓட்லி பேயர் என்ற மானுடவியலாளர் வழியாகப் பரவிய கணக்கு அது. பிறகு ஸ்டீபன் அகபாடோ என்ற தொல்லியலாளரும் அவர் குழுவும் கரிமக் கணிப்பு செய்து பார்த்து, இங்கே நெற்படிகள் பெருகியது ஸ்பானியர் வருகைக்குப் பிறகு, சுமார் 400 ஆண்டுகளுக்கு முன்பு என்கிறார்கள். சமவெளியை ஸ்பானியர் பிடித்தபோது மலைக்கு ஏறிய மக்கள், யாருக்கும் அடங்காமல் பிழைக்க இந்தப் படிகளைக் கட்டினார்கள் என்பது அவர்கள் விளக்கம். எனக்கு இந்த இரண்டாவது கணக்குதான் இன்னும் பெரிய ஆச்சரியமாக இருந்தது. சில தலைமுறைகளில், மர மண்வெட்டியையும் கையையும் வைத்துக்கொண்டு இத்தனை மலையைப் படியாக்கியிருக்கிறார்கள்!

1995-ல் யுனெஸ்கோ இதை உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது. பதாத்தையும் சேர்த்து மொத்தம் ஐந்து இடங்கள். ஆனால் 2001-லேயே ‘ஆபத்தில் உள்ள சின்னங்கள்’ பட்டியலில் சேர்க்க வேண்டியதாயிற்று. கணிசமான வயல்களைப் பார்க்க ஆளில்லாமல் கைவிட்டிருந்தார்கள். சீரமைப்புக்குப் பிறகு 2012-ல் அந்தப் பட்டியலிலிருந்து எடுத்தார்கள். ஒரு கோயிலையோ கோட்டையையோ பூட்டி வைத்துக் காப்பாற்றலாம். வயலை யாராவது சேற்றில் இறங்கி வேலை செய்துதான் காப்பாற்ற முடியும்.

அதைக் கண்ணாலேயே பார்த்தோம். ஓரிடத்தில் கரை சரிந்து, மேல்படி மண் கீழ்படி வயலில் கிடந்தது. ஆறேழு பேர் வரிசையாக நின்று கல்லைக் கைமாற்றிக் கொண்டிருந்தார்கள். அதிலே பாதிப் பேர் பெண்கள். ‘இன்று உன் வயலில் நான், நாளை என் வயலில் நீ’ என்று கூலியில்லாமல் செய்யும் வேலை. ஆனால் வேலை நடக்கும் நாளில் வருபவர்களுக்கெல்லாம் சாப்பாடு போட வேண்டியது வயல்காரர் பொறுப்பு.

கைடு அவர்களைப் பார்த்துக் கையசைத்தார். “என் அக்காவின் வயல்” என்றார்.

இஃபுகாவ் வழக்கப்படி வயலைத் துண்டு போட்டுப் பிரிப்பதில்லை. ஆணோ பெண்ணோ, மூத்த பிள்ளைக்குத்தான் போகும். “நான் மூன்றாவது. எனக்கு வயல் இல்லை. அக்கா நடுகிறாள், நான் உங்களோடு நடக்கிறேன்” என்று சிரித்தார். அன்று கல் தூக்கியவர்களுக்குக் கோழி வாங்கியது அவருடைய கைடு வருமானத்தில்.

இரண்டு சோறு

இரவு தங்கியது அந்த அக்காவின் வீட்டிலேயே. மரப்பலகைச் சுவர், தகரக் கூரை, சின்ன அறையில் தரையில் மெத்தை. வெந்நீர் வேண்டுமென்றால் அடுப்பில் காய்ச்சித் தருவார்கள். முற்றத்தில் அவர்களுடைய பழைய வீடு நிற்கிறது. ‘பலே’ என்று பெயர். நான்கு மரத்தூண்கள் மேல் கூம்புக் கூரை. ஒவ்வொரு தூணின் தலையிலும் வட்டமான மரத்தட்டு. எலி ஏறி வந்தால் அதைத் தாண்ட முடியாது. ஓர் ஆணிகூட அடிக்காத வீடு. நெல் கட்டுகளைக் கூரைக்கடியில் அடுக்கி வைப்பார்களாம்.

வீட்டுப் பாட்டி எங்களைப் பார்த்ததும் முதலில் நீட்டியது வெற்றிலை, பாக்கு, சுண்ணாம்பு! நான் மடித்த விதத்தைப் பார்த்து அவருக்கு ஒரே சந்தோஷம். மொழி தெரியாத இருவர் அரை மணி நேரம் பேசியது அதனால்தான்.

இரவுச் சாப்பாட்டுக்கு இஞ்சி போட்ட கோழிச் சாறு, கீரை, வெள்ளைச் சோறு. தனியாக ஒரு சின்னக் கிண்ணத்தில் கொஞ்சம் சிவப்புச் சோறு. வெள்ளை, சமவெளியிலிருந்து வாங்கியது. சிவப்பு, அவர்கள் வயலின் தினவோன். கதிர் கதிராக அறுத்து, உரலில் குத்திய அரிசி. லேசான மணம், மெல்ல மெல்ல ஓர் இனிப்பு. குழம்பில்லாமலே சாப்பிட்டேன். வயலில் விளைவது அந்த வீட்டுக்கு வருடம் முழுக்க வராது. மிச்ச மாதங்களுக்குச் சுமந்து வரும் அரிசிதான்.

எனக்குள் இருந்த விவசாயி மகள் சும்மா இருப்பாளா? “சீக்கிரம் விளையும் நெல்லைப் போட்டு இரண்டு போகம் எடுக்கலாமே?” என்று கேட்டேன். கைடு மொழிபெயர்த்தார். பாட்டி என்னைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுச் சொன்னார்:

“ஆறு மாதம் நெல்லுக்கு. ஆறு மாதம் கரைக்கு. இரண்டு போகம் வைத்தால் கரையை யார் கட்டுவது?”

அந்தப் பதிலுக்குப் பிறகு மறுபேச்சு எனக்கு வரவில்லை.

அறுவடையின்போது பெண்கள் பாடும் ‘ஹுத்ஹுத்’ என்ற கதைப்பாட்டு இந்த மக்களுடையது. 200-க்கும் மேற்பட்ட பாட்டுகள். முழுக்கப் பாடினால் சில நாட்கள் ஆகும். யுனெஸ்கோ இதையும் பாரம்பரியப் பட்டியலில் வைத்திருக்கிறது. பாட்டிக்குத் தெரியும். அக்காவுக்குக் கொஞ்சம் தெரியும். அக்காவின் மகள் நகரத்தில் நர்சிங் படிக்கிறாள். அவள்தான் மூத்தவள், அடுத்து வயல் அவளுக்குத்தான் வரும். “வருவாளா?” என்று கேட்டதற்கு அக்கா, “விடுமுறைக்கு வருவாள்” என்றார்.

போகிறவர்களுக்கு

மறுநாள் காலை, ஊருக்குக் கீழே உள்ள தாப்பியா அருவிக்குச் செங்குத்தான படிகளில் இறங்கி ஏறினோம். பிறகு மீண்டும் சாலை வரை ஏற்றம். இரண்டு நாள்தான் என்றாலும் கால்களுக்கு நல்ல வேலை. தினமும் ஒரு மணி நேரம் நடப்பவர்களால் முடியும். பிடிப்புள்ள ஷூ, மழைக்கோட்டு, டார்ச், சில்லறைப் பணம் அவசியம்.

ஜனவரி, பிப்ரவரியில் வயல்கள் கண்ணாடி போல நீர் நின்றிருக்கும். ஏப்ரல், மே பச்சை. ஜூன் கடைசியில் பொன்நிறம். அதன் பிறகு புயல் மழைக் காலம். 2025 ஜூன் முதல் இந்தியச் சுற்றுலாப் பயணிகளுக்கு 14 நாள் வரை விசா தேவையில்லை. டிக்கெட் போடும் முன் விதிமுறையை ஒரு முறை பார்த்துக்கொள்ளுங்கள். சைவம் சாப்பிடுபவர்கள் முன்கூட்டியே சொன்னால் கீரை, முட்டைக்கோஸ், முட்டை கிடைக்கும். ஊறுகாய் பாட்டில் ஒன்று பையில் இருந்தால் கவலையே இல்லை.

பலர் மேலே காட்சி முனையில் படம் எடுத்துவிட்டு அதே வண்டியில் திரும்பிவிடுகிறார்கள். அப்படிப் போனால் வயல்காரர் வீட்டுக்கு ஒன்றும் போய்ச் சேராது. உள்ளூர் கைடையே வைத்துக்கொள்ளுங்கள். ஓர் இரவாவது ஊருக்குள் தங்குங்கள். கூலியில் பேரம் பேசாதீர்கள். நீங்கள் போகும் நேரத்தில் எங்காவது கரை கட்டிக்கொண்டிருந்தால், கைடிடம் கேட்டுவிட்டு நீங்களும் வரிசையில் நின்று நாலு கல் கைமாற்றுங்கள். என் கணவர் அப்படி அரை மணி நேரம் நின்றார். அவர் கொடுத்த கற்களில் இரண்டை, சரியாக உட்காராது என்று சிரித்துக்கொண்டே திருப்பிக் கொடுத்தார்கள். மற்றவை அந்தச் சுவரில் இருக்கின்றன.