என் புன்னைத் தங்கை

‘மரம் வைத்தவன் தண்ணீர் ஊற்றுவான்’ என்பது பழமொழி. நானும் ஊற்றினேன். ஊற்றி ஊற்றியே நாலு விதையைக் கொன்றேன். அந்தக் கதையைத்தான் எழுதப் போகிறேன்.

எங்க தெருக் கடைசியில் கடலைப் பார்த்தபடி ஒரு பெரிய புன்னை மரம் இருக்கிறது. 2018 நவம்பரில் கஜா புயல் அடித்தபோது அதன் ஒரு பக்கக் கிளைகள் முறிந்துவிட்டன. ஆனாலும் மரம் சாயவில்லை. அதன் காய்களில்தான் நாங்கள் கோலி விளையாடுவோம். போன வருடம் தமிழம்மா நற்றிணை 172ஆம் பாடலைச் சொன்னார்கள். சில பெண்கள் விளையாட்டாக மணலில் புதைத்த புன்னை விதை முளைத்துவிட, அதற்குப் பாலும் நெய்யும் ஊற்றி வளர்க்கிறார்கள். “இது உன் தங்கை” என்று அம்மா மகளிடம் சொல்கிறாள். எனக்குத் தங்கை கிடையாது. அன்று சாயங்காலமே நாலு காய் பொறுக்கி, பழைய பெயிண்ட் டப்பாவில் மண் போட்டுப் புதைத்துவிட்டேன்.

காலையில் ஒரு சொம்பு, சாயங்காலம் ஒரு சொம்பு தண்ணீர். இரண்டு நாளைக்கு ஒரு தடவை தோண்டியும் பார்ப்பேன்! ஒரு மாதம் ஆகியும் முளைக்கவில்லை. தாத்தாவிடம் போய், “நீங்க காட்டுன மரத்து விதையெல்லாம் சொத்தை தாத்தா” என்றேன்.

தாத்தா ஒன்றும் பேசாமல் டப்பாவைச் சாய்த்தார். கறுப்பாக நாற்றத் தண்ணீர் கொட்டியது. “விதை சொத்தை இல்ல பாப்பா. அடியில ஒரு ஓட்டை கூட போடாம மூழ்கடிச்சிட்டே” என்றார். எனக்கு அழுகையே வந்துவிட்டது. தப்பு என்னுடையது, பழியைப் போட்டதோ மரத்தின் மேல்.

பிறகு தாத்தாவே சொல்லிக் கொடுத்தார். புன்னை விதையின் ஓடு ரொம்பக் கெட்டி. அப்படியே போட்டால் முளைக்க இரண்டு மாதம் கூட ஆகும். பருப்பில் அடி படாமல் ஓட்டை மெதுவாகத் தட்டி விரிசல் விட்டால் சீக்கிரம் முளைக்கும். டப்பாவில் ஓட்டை போட்டு, மணலும் மக்கிய எருவும் கலந்து, அரை நிழலில் வைத்தோம். முப்பத்து மூன்றாம் நாள் முளை தலை காட்டியது. அன்றைக்கு வீட்டில் எனக்குச் சோறே இறங்கவில்லை!

புன்னை இலையைத் தொட்டுப் பாருங்கள். தோல் மாதிரி தடிப்பாகப் பளபளவென்று இருக்கும். அதனால்தான் உப்புக்காற்றைத் தாங்குகிறது. எந்தக் காலத்திலும் பச்சையாகவே நிற்கும். பூ வெள்ளை, நடுவில் மஞ்சள் மகரந்தம், நல்ல வாசனை. விதை எண்ணெயைச் சமையலுக்குப் பயன்படுத்தக் கூடாது. அந்தக் காலத்தில் விளக்கு எரிக்கவும் படகுக்குப் பூசவும் பயன்படுத்தினார்கள். மயிலாப்பூர் கபாலீசுவரர் கோயிலின் தலமரமும் புன்னைதான்.

என் கன்று ஒரு முழம் வளர்ந்ததும், ஐப்பசி மழையில் தலைமையாசிரியரிடம் அனுமதி வாங்கி நம் பள்ளி மதிலோரம் நட்டேன். “எப்ப தாத்தா பூக்கும்?” என்று கேட்டேன். “ஏழெட்டு வருஷம் ஆகும். நான் இருக்கேனோ இல்லையோ, நீ வந்து பாரு” என்றார். தாத்தாவுக்கு வயது எழுபத்தாறு. எனக்கு ஒரு மாதிரி ஆகிவிட்டது. அவர் பார்த்தால்தான் எனக்குச் சந்தோஷம். “வருவீங்க, நான் கையைப் பிடிச்சுக் கூட்டிட்டு வருவேன்” என்று சொல்லிவிட்டேன். பூக்கும்போது நானும் இந்தப் பள்ளியில் இருக்க மாட்டேன்.

அதனால் ஆறாம் வகுப்புத் தங்கைகளுக்கு ஒரு வேண்டுகோள். கோடை விடுமுறையில் நான் அத்தை ஊருக்குப் போகிறேன். பள்ளிக்குப் பக்கத்தில் வீடு உள்ளவர்கள் இரண்டு நாளைக்கு ஒருமுறை ஒரு வாளி தண்ணீர் ஊற்றுங்கள். பாசத்தில் தினமும் நாலு வாளி ஊற்றிவிடாதீர்கள்! அந்தத் தப்பை நான் ஏற்கெனவே செய்துவிட்டேன்.

பூத்ததும் யாராவது எனக்குச் சொல்லி அனுப்புங்கள். தாத்தாவைக் கூட்டிக்கொண்டு வருகிறேன்.

– எட்டாம் வகுப்பு ‘ஆ’ பிரிவு மாணவி