வெள்ளத்தில் ஓர் ஆடு

முதலில் அந்த ஷாட்டைச் சொல்லிவிடுகிறேன். நுரைத்துப் பாய்கிற மலையாறு. அதில் ஒரு மேய்ப்பன், ஆட்டை இறுக்கிப் பிடித்தபடி உருண்டு போகிறான். மேலே வருகிறான், காணாமல் போகிறான், மறுபடி மேலே வருகிறான். யார் யாரைக் காப்பாற்றுகிறார்கள் என்றே தெரியவில்லை. கறுப்பு வெள்ளை. வசனம் கிடையாது.

படத்தின் பெயர் 'பருவங்கள்'. 1975-ல் வந்த ஆர்மீனிய டாகுமென்டரி. சுமார் அரை மணி நேரம்தான். இயக்கியவர் அர்தவாஸ்த் பெலெஷ்யான். உலக சினிமா ரசிகர்கள் அவருடைய எடிட்டிங்கைப் பற்றி மணிக்கணக்கில் பேசுவார்கள். கேமராவைப் பிடித்த மிகாயில் வர்தானோவை அவ்வளவாக யாரும் கண்டுகொள்வதில்லை. பி.காம். படித்ததாலோ என்னவோ, கிரெடிட் யார் கணக்கில் ஏறுகிறது என்று பார்க்கிற புத்தி எனக்கு இன்னும் போகவில்லை.

பனிச்சரிவில் மேய்ப்பர்கள் ஆட்டைக் கட்டிக்கொண்டு சறுக்குகிறார்கள். செங்குத்தான மலையில் வைக்கோல் பொதிகள் இறங்க, ஆட்கள் அவற்றோடு மல்லுக்கட்டிக்கொண்டு ஓடுகிறார்கள். பின்னணியில் விவால்டியின் வயலின். டூரிஸ்ட் போஸ்டராக ஆகியிருக்க வேண்டிய மலைகள்! வர்தானோவின் கேமராவில் அவை வெறும் அழகாகத் தெரிவதில்லை. கால் வழுக்குகிற இடமாக, மூச்சு வாங்குகிற இடமாகத் தெரிகின்றன. பார்த்து முடித்ததும் எனக்கு முழங்கால் வலித்தது. மிகையில்லை.

இந்த மனிதர் இதற்கு முன்பே வம்பில் மாட்டியிருந்தார். 1969-ல் 'ஆர்மீனிய மண்ணின் நிறம்' என்று ஒரு டாகுமென்டரி இயக்கினார். ஓவியர் மினாஸ் அவெதிஸ்யான் அதில் வருகிறார். கூடவே, நண்பர் செர்கெய் பராஜனோவ் தன் 'மாதுளையின் நிறம்' படத்தை எடுத்துக்கொண்டிருந்த காட்சிகளையும் சேர்த்தார். பராஜனோவ் சோவியத் அதிகாரிகளுக்கு ஆகாதவர். விடுவார்களா? வர்தானோவின் படத்தை முடக்கினார்கள்.

1973 டிசம்பரில் பராஜனோவைக் கைது செய்து நான்கு வருடம் உள்ளே வைத்தார்கள். அந்த மாதிரி நேரத்தில் 'எனக்கு அவரை அவ்வளவா பழக்கமில்லீங்க' என்று நழுவுவதுதான் வழக்கம். வர்தானோவ் நண்பருக்காகக் குரல் கொடுத்தார். அதற்கான விலையையும் கொடுத்தார். அவருக்கு வாய்ப்புகள் அடைபட்டன.

1989-ல் பராஜனோவ் திபிலிசியில், தன் சிறுவயது வீட்டிலேயே, 'வாக்குமூலம்' என்ற சுயசரிதைப் படத்தைத் தொடங்கினார். சில நாட்களிலேயே உடம்பு படுத்திவிட்டது. நுரையீரல் புற்றுநோய். 1990 ஜூலையில் போய்விட்டார். மிஞ்சிய அந்தத் துண்டு ஃபிலிமை எடுத்து, 1992-ல் 'பராஜனோவ்: கடைசி வசந்தம்' படத்துக்குள் பத்திரப்படுத்தினார் வர்தானோவ். சோவியத் யூனியனே கலைந்து, ஆர்மீனியா போரும் மின்வெட்டுமாகத் தத்தளித்த வருடம் அது.

வர்தானோவ் 2009-ல் இறந்தார். 'மாதுளையின் நிறம்' செட்டில் பராஜனோவ் வேலை செய்வதை இன்று நாம் பார்க்க முடிகிறதென்றால், அது அவர்கள் முடக்கிவைத்த அந்த 1969 படத்தால்தான்.