பதிமூணு கண்ணுப் பாலம்

அத்தையைப் புனலூரில் கட்டிக் கொடுத்திருந்தது. செங்கோட்டையிலிருந்து ஐம்பது கிலோமீட்டர்கூட வராது. லீவு விட்டால் மீட்டர் கேஜ் வண்டியில் கிளம்பிவிடுவோம். பஸ்ஸில் போனால் சீக்கிரம் போய்விடலாமே என்பார் அப்பா. "சீக்கிரம் போயி என்னலே செய்யப் போற?" என்பாள் ஆச்சி. அதற்கு அப்பாவிடம் பதில் இருந்ததில்லை.

ஆச்சிக்குப் புனலூர் அசலூரே இல்லை. 1956 நவம்பர் வரை செங்கோட்டையும் திருவிதாங்கூரோடு சேர்ந்திருந்த ஊர்தானே. எங்கள் வண்டி போகும் பாதையும் 1904-லேயே திறந்ததுதான்.

பகவதிபுரம் தாண்டினால் ஏற்றம். முன்னால் ஓர் இன்ஜின் இழுக்க, பின்னால் இன்னொன்று தள்ளும். மூச்சு வாங்கிக்கொண்டே போய் ஆரியங்காவுக் குகைக்குள் நுழையும். எல்லாப் பெட்டியிலும் பிள்ளைகள் ஊளையிடுவோம். பெரியவர்கள் அதட்டுவதும் அந்தச் சத்தத்தில் ஊளையாகத்தான் கேட்கும். இந்தப் பக்கம் வெயிலில் நுழைந்த வண்டி, ஆடி மாதமானால், அந்தப் பக்கம் மழையில் வெளிப்படும். ஜன்னல் கம்பியில் கன்னத்தை வைத்தால் கம்பி ஜில்லென்றிருக்கும்.

கழுதுருட்டி வந்ததும் பதிமூணு கண்ணுப் பாலம். கண்களை எண்ண வேண்டும் என்று முட்டி மோதுவோம். ஒருத்தன் பத்து என்பான், ஒருத்தி பதினைந்து என்பாள். பாலத்தின் மேல் போகிறவனுக்குக் கண் எப்படித் தெரியும்? ஒருநாள் அப்பாவோடு பஸ்ஸில் போனபோதுதான், கீழே ரோட்டிலிருந்து, பதிமூன்றையும் எண்ணி முடித்தேன். ஆச்சியிடம் சொல்லவில்லை.

2010-ல் அகலப் பாதைக்காக வண்டியை நிறுத்தினார்கள். மறுபடி முழுப் பாதையும் திறக்க 2018 ஆகிவிட்டது. போன வருஷம் போனேன். மலை மலைதான்; இன்றைக்கும் இரண்டு இன்ஜின், அதே ஊர்தல். எதிரே இருந்த பையன், "ஏன் சார் இப்படி உருட்டுறான்?" என்று அலுத்துக்கொண்டான். அவனைச் சொல்வானேன், எத்தனை நிமிஷம் லேட் என்று நானே செல்போனில் இரண்டு தடவை பார்த்தாயிற்று. அந்தக் காலத்தில் வண்டி லேட்டா என்பதே எங்களுக்குத் தெரியாது. புனலூர் வந்தால் இறங்குவோம், அவ்வளவுதான்.

குகை வந்தது. ஒரு பிள்ளையும் கத்தவில்லை. எனக்கு வாய் துறுதுறுத்தது, வயசு விடவில்லை.

போகிறவர்கள் பகல் வண்டியாகப் பார்த்து ஏறுங்கள். பாலத்தின் கண்களை எண்ண வேண்டுமானால் மட்டும் பஸ்.