பிரதிவாதியின் மகன்

எங்கள் மாவட்டத்துக்குத் தலைநகரம் விருதுநகர். கலெக்டர், எஸ்.பி. எல்லாரும் அங்கேதான். ஆனால் மாவட்ட முதன்மை நீதிமன்றம் இருப்பது ஸ்ரீவில்லிபுத்தூரில். இரண்டு ஊருக்கும் இடையே 40 கிலோமீட்டருக்கு மேல். அரசியல் சாசனத்தின் 50ஆவது பிரிவு, நீதித்துறையை நிர்வாகத்திலிருந்து பிரித்துவைக்க அரசு நடவடிக்கை எடுக்க வேண்டும் என்கிறது. அதற்காகத்தான் இப்படி வைத்தார்கள் என்று சொல்லவரவில்லை. ஆனால் அந்தப் பிரிவை முதல்முறை படித்தபோது என் மனதில் வந்த படம் இதுதான். உத்தரவு போடுகிறவர் ஒரு ஊரில், அந்த உத்தரவு சரியா என்று கேட்கக்கூடியவர் இன்னொரு ஊரில்.

ராஜபாளையத்தில் ஒருவர் வேலைநாளில் "வில்லிபுத்தூர் போறேன்" என்றால் ஒன்று ஆண்டாள் கோயிலுக்கு, இல்லாவிட்டால் கோர்ட்டுக்கு. திரும்பும்போது பால்கோவா வாங்குவது இரண்டுக்கும் பொது. என் அப்பா கோர்ட்டுக்குப் போன நாட்களில் மட்டும் பால்கோவா வாங்கி வந்ததே இல்லை. அவர் அங்கே போனது பிரதிவாதியாக. வாதி, என் அத்தை.

வழக்கு எளிமையானது. அய்யனார் கோவில் போகும் வழியில் 3 ஏக்கர் தென்னந்தோப்பு. தாத்தாவுக்கு அவருடைய அப்பா வழியில் வந்த பூர்வீகச் சொத்து. தாத்தா 2001ல் இறந்தார். பாட்டி அவருக்கு முன்பே போய்விட்டார். பெரியப்பா, அப்பா, அத்தை என்று மூன்று பிள்ளைகள். பாகப்பிரிவினைப் பத்திரம் எதுவும் எழுதவில்லை. தேங்காய் வெட்டு நடந்தால் பணம் ஆண்கள் இருவருக்கும் போகும். சங்கரன்கோவிலில் வாக்கப்பட்டிருந்த அத்தைக்குத் தீபாவளிக்குச் சேலை போகும். 2012ல் அத்தை எனக்கும் மூன்றில் ஒன்று வேண்டும் என்று சார்பு நீதிமன்றத்தில் பிராது போட்டார்.

பள்ளிக்கூடப் புத்தகத்தில் நீதித்துறையை ஒரு பிரமிடு போல வரைந்திருப்பார்கள். உச்சியில் உச்ச நீதிமன்றம், நடுவில் உயர் நீதிமன்றம், அடியில் மாவட்ட நீதிமன்றம், சார்பு நீதிமன்றம், முன்சீப் கோர்ட். தேர்வுக்கு அது போதும். வழக்கு என்று வந்தபிறகுதான் அது படம் அல்ல, படிக்கட்டு என்று தெரிந்தது. அமெரிக்காவில் மாநில நீதிமன்றங்களுக்கு ஒரு படிக்கட்டு, மத்திய நீதிமன்றங்களுக்கு வேறு படிக்கட்டு. நம் நாட்டில் ஒரே படிக்கட்டுதான். மத்திய அரசின் சட்டமோ மாநில அரசின் சட்டமோ, விசாரணை தொடங்குவது நம்மூர்க் கோர்ட்டில். மாவட்ட நீதித்துறை முழுவதும் உயர் நீதிமன்றத்தின் கட்டுப்பாட்டில் இருக்கும் என்கிறது 235ஆவது பிரிவு. உச்ச நீதிமன்றம் சட்டம் இதுதான் என்று அறிவித்தால் அது எல்லா நீதிமன்றங்களையும் கட்டுப்படுத்தும் என்கிறது 141ஆவது பிரிவு. கேள்வி கீழிருந்து மேலே ஏறும், விடை மேலிருந்து கீழே இறங்கும்.

அத்தையின் கேள்விக்கு ஒழுங்கான விடை அப்போது மேலேயே இல்லை. பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் மகனைப் போலவே பிறப்பால் உரிமை உண்டு என்று தமிழ்நாடு 1989லேயே சட்டம் போட்டுவிட்டது. ஆனால் அந்த ஆண்டு மார்ச் 25க்கு முன்பே கல்யாணமான பெண்களுக்கு அது கிடையாது. அத்தைக்கு 1983ல் கல்யாணம். பிறகு 2005 செப்டம்பர் 9 முதல் நாடு முழுவதற்குமாக மத்திய அரசின் திருத்தம் வந்தது. அதில் கல்யாணத் தடை இல்லை. ஆனால் அதற்கு நான்கு ஆண்டுகள் முன்பே தாத்தா இறந்துவிட்டார். அந்தத் தேதியில் அப்பா உயிரோடு இருந்தால்தான் மகளுக்கு உரிமை என்று 2015ல் பிரகாஷ் எதிர் பூலாவதி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது.

கணக்குப் போட்டுப் பார்த்தால் வித்தியாசம் தெரியும். மகளுக்குப் பிறப்புரிமை இல்லையென்றால், தாத்தா இறந்த அன்று சொத்தை தாத்தா, பெரியப்பா, அப்பா என்று மூன்றாகப் பிரித்ததாக வைத்துக்கொண்டு, தாத்தாவின் பங்கை மட்டும் மூன்று பிள்ளைகளுக்கும் பிரிப்பார்கள். அத்தைக்கு ஒன்பதில் ஒன்று. 300 சென்ட்டில் 33 சென்ட். பிறப்புரிமை உண்டென்றால் மூன்றில் ஒன்று, 100 சென்ட். 2016ல் சார்பு நீதிமன்றம் ஒன்பதில் ஒன்று என்று தீர்ப்பளித்தது. மேலே இருந்து வந்த விடை அதுதான் என்னும்போது அந்த நீதிபதிக்கும் வேறு வழி இருந்திருக்காது. எங்கள் வீட்டில் அன்று பாயசம் வைக்கவில்லை, அவ்வளவுதான். மற்றபடி சந்தோஷம். அத்தை மாவட்ட நீதிமன்றத்துக்கு அப்பீல் போனார்.

அந்த வருடங்களில் அப்பா சொன்ன ஒரு விஷயம். சங்கரன்கோவிலிலிருந்து ஸ்ரீவில்லிபுத்தூர் போகும் பஸ் ராஜபாளையம் வழியாகத்தான் வரும். ஒரு வாய்தா நாளில் அப்பா ஏறிய பஸ்ஸில் ஏற்கெனவே அத்தை உட்கார்ந்திருந்தார், மடியில் கேஸ் கட்டு. பக்கத்து இடம் காலி. அப்பா படிக்கட்டுப் பக்கமே நின்றுகொண்டு போனார். இறங்கும்போது மட்டும் "பாத்து எறங்கு" என்றாராம். "அவ பொறந்த ஊரு வழியா வாறா, எறங்காம போறா" என்று அன்று ராத்திரி அம்மாவிடம் சொன்னார். அதற்காக வழக்கை விட்டுக்கொடுக்கவில்லை. எங்கள் தரப்பில் வாய்தா மேல் வாய்தா கேட்டுக்கொண்டுதான் இருந்தோம். தோப்பு கையில் இருக்கிறவனுக்குத் தாமதம் நஷ்டமே இல்லை. ஒவ்வொரு வெட்டுக்கும் தேங்காய் அவன் வீட்டுக்குத்தான் வரும்.

பிரதிவாதி என்ற சொல்லை வீட்டில் கேட்டுக் கேட்டுப் பழகிய காலத்தில்தான், எங்கள் ஊர்க்காரர் இன்னொருவரின் கதையை வேறு கோணத்தில் பார்க்கத் தொடங்கினேன். பி.எஸ்.குமாரசாமி ராஜா. ராஜபாளையத்துக்காரர். 1949 ஏப்ரலிலிருந்து 1952 ஏப்ரல் வரை சென்னை மாகாணத்தின் முதல்வர். தன் வீட்டைக் காந்தி கலைமன்றத்துக்குக் கொடுத்தவர் என்று ஊரில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். அவ்வளவாகத் தெரியாதது ஒன்று உண்டு. குடியரசின் முதல் இரண்டு ஆண்டுகளில் உச்ச நீதிமன்றம் அளித்த பெரிய அரசியல் சாசனத் தீர்ப்புகளில் திரும்பத் திரும்ப ஒரு தரப்பாக நிற்பது அவருடைய அரசு. சட்டக்கல்லூரி மாணவர்கள் மனப்பாடம் செய்யும் அந்த 'சென்னை மாநிலம்' என்ற பெயருக்குப் பின்னால் இருந்த முதல்வர் எங்கள் ஊர்க்காரர்.

1950 மே 19ல் ஏ.கே.கோபாலன் வழக்கு. கம்யூனிஸ்ட் தலைவரைத் தடுப்புக் காவலில் வைத்தது பெரும்பாலும் செல்லும் என்று தீர்ப்பானது. ஆனால் சிறைவைத்த காரணத்தைக் கைதி நீதிமன்றத்திடம்கூடச் சொல்லக்கூடாது என்ற பிரிவு ரத்தானது. ஒரே வாரத்தில், மே 26ல், ரமேஷ் தாப்பர் வழக்கு. 'கிராஸ் ரோட்ஸ்' என்ற பம்பாய் வார இதழ் சென்னை மாநிலத்துக்குள் நுழையக்கூடாது என்ற தடை செல்லாது என்றார்கள். 1951 ஏப்ரல் 9ல் செண்பகம் துரைராஜன் வழக்கு. மருத்துவ, பொறியியல் கல்லூரி இடங்களைச் சமூகவாரியாகப் பங்கிட்ட அரசாணை விழுந்தது. 1952 மார்ச் 31ல் வி.ஜி.ராவ் வழக்கு. ஒரு சங்கத்தைச் சட்டவிரோதம் என்று அரசே அறிவித்துக்கொள்ளும் சட்டப்பிரிவு விழுந்தது.

இதில் எல்லாத் தீர்ப்பும் எனக்குச் சம்மதம் என்றில்லை. செண்பகம் துரைராஜன் தீர்ப்பை எதிர்த்துத் தமிழகத்தில் போராட்டம் வெடித்தது. அந்த ஆண்டே நாடாளுமன்றம் அரசியல் சாசனத்தை முதல்முறையாகத் திருத்தி 15(4) பிரிவைச் சேர்த்தது. இடஒதுக்கீட்டில் பொறியியல் படித்து இன்று கணினி முன்னால் உட்கார்ந்திருக்கும் என் தலைமுறைக்கு அந்தத் திருத்தத்தின் கடன் உண்டு. பத்திரிகைத் தீர்ப்புக்கும் அதே திருத்தத்தில் அரசு பதில் வைத்தது. பொது ஒழுங்கு என்ற காரணத்தைப் பேச்சுரிமையின் வரம்புகளில் சேர்த்துக்கொண்டது. நீதிமன்றம் சொல்வதே கடைசி வார்த்தை என்று சொல்வார்கள். அப்படி அல்ல என்பதற்கு இதுவே சாட்சி. ஆனால் அந்தப் பதிலையும் சபையில் விவாதித்து, ஓட்டெடுத்து, எழுதி வைக்க வேண்டியிருந்தது. தோற்ற அரசு, தீர்ப்பை மிதித்துக்கொண்டு போய்விடவில்லை.

போலீஸ், பட்ஜெட், சிறைச்சாலை எல்லாம் வைத்திருந்த ஒரு முதல்வரின் அரசு, ஒரு வார இதழின் ஆசிரியருக்கு முன்னால் பிரதிவாதியாக நிற்கிறது. நீதிமன்றத்திடம் படையும் இல்லை, பணமும் இல்லை. அதன் தீர்ப்பு வெறும் காகிதம். எதிர்த்தரப்பு கட்டுப்பட்டால்தான் அந்தக் காகிதத்துக்கு உயிர். நீதித்துறையின் வேலை நீதி வழங்குவது என்பது சரிதான். அதற்கு முன்னால் இன்னொரு வேலை இருக்கிறது என்று நினைக்கிறேன். கையில் வைத்திருக்கிறவனை வரவழைத்து, இல்லாதவர் கேட்கும் கேள்விக்குப் பதில் சொல்லவைப்பது. டெல்லியில் அது அரசாங்கம். ஸ்ரீவில்லிபுத்தூரில் அது அண்ணன்மார்.

2018ல் இன்னொரு வழக்கில் இரண்டு நீதிபதிகள் அமர்வு, 2015 தீர்ப்போடு பொருந்தாத விடையைச் சொன்னது. இரண்டும் சம எண்ணிக்கையுள்ள அமர்வுகள். எது சட்டம் என்ற குழப்பத்தைத் தீர்க்க மூன்று நீதிபதிகள் அமர்ந்தார்கள். 2020 ஆகஸ்ட் 11ல் வினீதா சர்மா வழக்கில் தீர்ப்பு வந்தது. மகளின் உரிமை பிறப்பால் வருவது, 2005ல் அப்பா உயிரோடு இருந்தாரா இல்லையா என்பது பொருட்டே அல்ல. மென்பொருளில் அடித்தளத்து நூலகம் ஒன்று மாறினால் அதை நம்பி ஓடும் நிரல்கள் மறுநாள் வேறு விடை தரும். கொரோனா ஊரடங்கில் வீட்டிலிருந்து வேலை பார்த்துக்கொண்டே அந்தச் செய்தியைப் படித்தபோது எனக்கு முதலில் வந்தது சட்டச் சிந்தனை அல்ல, கணக்கு. அப்பாவின் பங்கு 133 சென்ட்டிலிருந்து 100 ஆகிவிடும். அந்த 33 சென்ட் நாளை எனக்கு வரவேண்டியது.

2021ல் அப்பீலில் மூன்றில் ஒன்று என்று தீர்ப்பானது. மதுரைக்குப் போகலாம் என்றார் பெரியப்பா. உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை 2004 ஜூலையில் வந்ததிலிருந்து எங்களுக்கு ஹைகோர்ட் என்றால் 500 கிலோமீட்டருக்கு அப்பால் இல்லை, காலையில் போய் ராத்திரி திரும்பிவிடலாம். ஆனால் இரண்டாம் மேல்முறையீட்டுக்கு முக்கியமான சட்டக் கேள்வி ஒன்று மிச்சமிருக்க வேண்டும் என்றார் வக்கீல். அப்பா ரொம்ப நேரம் பேசவில்லை. பிறகு, "டெல்லியிலயே சொல்லிட்டாங்க. இனி மதுரையில போய் என்னத்தக் கேக்க" என்றார். அது கட்டுப்பாடா களைப்பா என்று நான் கேட்கவில்லை. இரண்டில் எதுவானாலும் அந்தக் காகிதத்துக்கு உயிர் வந்தது அந்த இடத்தில்தான்.

தீர்ப்பு வந்தாலும் நிலம் தானாகப் பிரியாது. இறுதித் தீர்ப்பாணைக்குத் தனி மனு, வழக்கறிஞர் ஆணையர், சர்வேயர், வரைபடம். இ-கோர்ட்ஸ் செயலியில் ஒவ்வொரு வழக்குக்கும் 16 எழுத்து, எண்கள் கொண்ட ஓர் அடையாளம் உண்டு. அதைத் தட்டினால் அடுத்த வாய்தா தேதி வரும். அத்தையிடம் இருப்பது பட்டன் போன். அதனால் பிரதிவாதியின் மகனான எனக்குத்தான் போன் செய்கிறார்.

"அடுத்த வாய்தா என்னைக்குய்யா?"

தேதியைச் சொல்வேன். "ஒங்கப்பன் மாத்திரையெல்லாம் ஒழுங்கா சாப்பிடுறானா?" என்று கேட்டுவிட்டு வைத்துவிடுவார். திரையில் அத்தை பெயர், எதிர், அப்பா பெயர். ஆணையர் வந்து அளந்துவிட்டுப் போய்விட்டார். மரங்களை எண்ணியாயிற்று. கிணறு யார் பங்கில் விழும் என்பது மட்டும் இன்னும் முடிவாகவில்லை.